ரசிகரும் வாக்குச்சாவடியும்

பூந்தமல்லியைச் சுற்றிச் சாவடிகள் அதிகம். வேலப்பன்சாவடி, குமணன்சாவடி, கரையான்சாவடி. பேருந்து நடத்துநர் கூவும்போது இவை வெறும் நிறுத்தங்கள். ஆனால் சாவடி என்ற சொல்லுக்குள் ஒரு பழைய ஏற்பாடு இருக்கிறது. நடந்து வந்தவர் சுமையை இறக்கி வைப்பார், தலை சாய்ப்பார், விடிந்ததும் தன் வழியே போவார். தங்கிய இடத்துக்கு அவர் அடிமை இல்லை. அடுத்த முறை வேறு சாவடியில் தங்கினாலும் யாரும் நன்றி கெட்டவன் என்று சொல்லமாட்டார்கள். தேர்தல் வந்தபோது தமிழ் அந்தச் சொல்லையே எடுத்து, வாக்குச்சாவடி என்று பெயர் வைத்தது. வைத்தவர்கள் இதையெல்லாம் யோசித்தார்களோ இல்லையோ, பொருத்தமான பெயர்.

வேலப்பன்சாவடி, திருவேற்காடு கருமாரியம்மன் கோயிலுக்குத் திரும்பும் இடம். அங்கிருந்து கிழக்கே மதுரவாயலில் எம்.ஜி.ஆர் பெயரில் ஒரு நிகர்நிலைப் பல்கலைக்கழகம் இருக்கிறது. அதன் மருத்துவக் கல்லூரி வேலப்பன்சாவடியிலேயே இருக்கிறது. மேற்கே போனால் செம்பரம்பாக்கம் பக்கம் ஈ.வி.பி. பிலிம் சிட்டி. அரசியலில் வென்ற நடிகரின் பெயர் ஒரு புறம், நாயகர்களைச் செய்து அனுப்பும் படப்பிடிப்புத் தளம் மறு புறம். தமிழ்நாடு முக்கால் நூற்றாண்டாகக் கேட்டுக்கொண்டிருக்கும் ஒரு கேள்வி இந்தச் சில கிலோமீட்டருக்குள் அடங்கிவிடுகிறது. திரையில் பெற்ற அன்பை வாக்காகத் தரச் சொல்லிக் கேட்பது அறமாகுமா?

ஒரு பதிலை முதலிலேயே விலக்கிவிட வேண்டும். கூத்தாடிக்கு எதற்கு அரசியல் என்ற ஏளனம் அறநெறியிலிருந்து வந்ததல்ல, சாதிப் படிநிலையிலிருந்து வந்தது. வழக்கறிஞரும் நிலக்கிழாரும் ஆலை முதலாளியும் சட்டமன்றத்துக்குப் போனபோது அவர்களுடைய தொழிலைக் காட்டி யாரும் வாசலில் நிறுத்தவில்லை. நடிகை கே.பி. சுந்தராம்பாள் 1951இல் சென்னை மாநில மேலவைக்குப் போனார். நடிகர் எஸ்.எஸ். ராஜேந்திரன் 1962இல் தேனியில் மக்கள் வாக்கால் வென்றார். இருவருக்கும் முன்னால் நாடக மேடையில் எஸ்.எஸ். விஸ்வநாததாஸ் இருந்தார். முருகன் வேடத்தில் நின்று வெள்ளையர் ஆட்சியை எதிர்த்துப் பாடுவார். காவலர்கள் மேடைக்கே வந்து கைது செய்வார்கள். அவருடைய சாதியைச் சொல்லி அவரோடு ஜோடியாக நடிக்க மறுத்தவர்களும் உண்டு. 1940 டிசம்பர் 31 அன்று, சென்னையில் 'வள்ளி திருமணம்' நடந்துகொண்டிருக்கும்போதே, வேடம் கலையாமல் அவர் உயிர் பிரிந்தது. வேடத்துக்குக் கிடைத்த மரியாதையை அவர் அரசியலுக்குக் கொண்டுபோனார் என்பது உண்மை. அதற்கான விலையைச் சிறையில் தன் உடம்பால் கட்டினார் என்பதும் உண்மை. ஆக, நடிகர் அரசியலுக்கு வரலாமா என்பதில் சிக்கலே இல்லை, வரலாம். சிக்கல், கொண்டுவருகிற பொருள் யாருடையது என்பதில்தான்.

திரையில் தெரியும் நாயகன் ஒருவர் அல்ல, பலர். எம்.ஜி.ஆரின் வாயசைவுக்குக் குரல் டி.எம். சௌந்தரராஜனுடையது. அந்தக் குரலில் வந்த நியாயங்கள் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரமும் வாலியும் கண்ணதாசனும் எழுதியவை. அடி வாங்கி விழுந்தவர்கள் சண்டைக் கலைஞர்கள். பெயர் பட்டியலில்கூட வராத லைட்மேன்கள் மேலே நின்று வெளிச்சம் பிடித்தார்கள். 2020 பிப்ரவரி 19 இரவு ஈ.வி.பி. தளத்தில் 'இந்தியன் 2' படத்துக்காக நிறுத்தியிருந்த கிரேன் சரிந்து மூன்று பேர் இறந்தார்கள். மூவரும் திரைக்குப் பின்னால் உழைத்தவர்கள். கமல்ஹாசன் அந்தக் குடும்பங்களுக்கு ஒரு கோடி ரூபாய் அறிவித்தார். உழைக்கிறவர்களுக்குப் பாதுகாப்பில்லாத துறையாக இருக்கிறதே என்று வருந்தவும் செய்தார். ஊழலைத் தண்டிக்கும் முதியவரின் கதை அந்தப் படம். அந்த முதியவர்மீது பார்வையாளருக்கு ஏற்படும் மதிப்பில் அந்த மூவரின் பங்கும் இருக்கிறது. ஆனால் அது முழுவதும் போய்ச் சேருவது ஒரே முகத்துக்குத்தான்.

அதனால் நடிகருக்குக் கிடைக்கும் அன்பைச் சம்பாத்தியம் என்று சொல்வதைவிட, அவரிடம் ஒப்படைத்து வைத்த பொருள் என்று சொல்வது சரியாக இருக்கும். சம்பாதித்ததை இஷ்டப்படி செலவழிக்கலாம். ஒப்படைத்ததற்குக் கணக்குச் சொல்ல வேண்டும். கொடுத்தவர் கேட்கும்போது திருப்பித் தர வேண்டும்.

வாக்குக்கும் அன்புக்கும் உள்ள வேறுபாடு இங்கேதான் முக்கியமாகிறது. வாக்கைத் திரும்பப் பெறலாம். ஐந்தாண்டு பார்த்துவிட்டு, சரியில்லை, அடுத்தவர் வரட்டும் என்று சொல்வதில் துரோகம் எதுவும் இல்லை. அன்பு அப்படியில்லை. பதினைந்து வயதில் முதல் நாள் முதல் காட்சிக்கு நின்றவருக்கு, வீட்டுச் சுவரில் படம் ஒட்டியவருக்கு, பிள்ளைக்கு அந்தப் பெயரை வைத்தவருக்கு, மறுப்பது என்பது தன் இளமையையே மறுப்பது போல வலிக்கும். அந்த வலியைத் தெரிந்துகொண்டே வாக்குக் கேட்கிறவருக்கு மற்ற வேட்பாளர்களுக்கு இல்லாத ஒரு கடமை சேர்ந்துவிடுகிறது. தன்னை மறுப்பதை ரசிகருக்கு எளிதாக்கிக் கொடுக்க வேண்டும். நடிகரின் அரசியலை இந்த ஒரு கல்லில் உரசிப் பார்த்தால் போதும்.

எம்.ஜி.ஆரை இப்படி உரசும்போது ஒரே விடை கிடைப்பதில்லை. இலங்கையில் நாவலப்பிட்டியில் 1917இல் பிறந்து, வறுமையால் சிறுவயதிலேயே நாடகக் கம்பெனிக்குப் போய், 1936இல் 'சதி லீலாவதி'யில் சிறு வேடத்தில் தலைகாட்டியவர். 1953இல் தி.மு.க.வில் சேர்ந்தார். அடுத்த 19 ஆண்டுகள் அவர் ஒரு கட்சியின் உறுப்பினர். அவருக்கு மேலே அண்ணா இருந்தார், பொதுக்குழு இருந்தது, அவரை ஒதுக்கவும் கண்டிக்கவும் அதிகாரம் உள்ளவர்கள் இருந்தார்கள். படகோட்டியாகவும் விவசாயியாகவும் ரிக்‌ஷாக்காரனாகவும் திரையில் வந்த மனிதர், வெளியே ஓர் அமைப்புக்குக் கட்டுப்பட்டவராக இருந்தார். அந்த ஆண்டுகளை அவருடைய அரசியலின் நேர்மையான பகுதி என்று சொல்லத் தோன்றுகிறது.

அந்தக் காலத்திலேயே படமும் உடம்பும் ஒட்டிக்கொண்ட கணமும் வந்தது. 1967 ஜனவரி 12 அன்று ராமாவரம் வீட்டில் நடிகர் எம்.ஆர். ராதா அவரைச் சுட்டார். கழுத்தில் கட்டோடு மருத்துவமனையில் இருந்த படம் சுவரொட்டியாகி ஊர் ஊராகப் போனது. அந்த ஆண்டுச் சட்டமன்றத் தேர்தலில் பிரசாரத்துக்குப் போகாமலே பரங்கிமலையில் வென்றார். மக்கள் இரங்கியதில் தவறில்லை. காயம் நடிப்பல்ல, நிஜம். ஆனால் இரக்கத்தால் விழுந்த வாக்கை எந்தக் காரணம் காட்டித் திரும்பப் பெறுவது?

1972 அக்டோபரில் திருக்கழுக்குன்றத்தில் பேசிய எம்.ஜி.ஆர், கட்சிப் பொறுப்பாளர்கள் சொத்துக் கணக்கைக் காட்ட வேண்டும் என்றார். சில நாட்களில் நீக்கப்பட்டார். 17ஆம் தேதி அண்ணா தி.மு.க. பிறந்தது. கணக்குக் கேட்டவர் என்ற பெருமையோடு பிறந்த கட்சி அது. அந்தக் கட்சிக்குள் அவரிடம் கணக்குக் கேட்கக்கூடியவர் யாராவது இருந்தார்களா? ரசிகர் மன்றங்கள் கட்சிக் கிளைகளாக மாறின. மன்றத் தலைவராக இருந்தவர் ஒன்றியச் செயலாளரானார். அவருடைய பதவி அவருடைய பக்திக்குக் கிடைத்தது. பக்தியால் வந்த பதவியில் உட்கார்ந்துகொண்டு கேள்வி கேட்க முடியாது. தி.மு.க.வில் அவரை நீக்க முடிந்தது, அவருடைய கட்சியில் அவரை யாரும் நீக்கியிருக்க முடியாது. நீக்கியது நியாயமா என்பது தனி விவாதம். நீக்கக்கூடிய இடத்தில் ஒரு தலைவர் இருப்பது ஆரோக்கியம் என்பதில் விவாதமில்லை.

ஆட்சியில் நல்லதும் செய்தார். காமராஜர் காலத்து மதிய உணவை 1982 ஜூலையில் சத்துணவுத் திட்டமாக விரித்தது பசித்த பிள்ளைகளின் தட்டில் சோறாக விழுந்தது. தான் பட்ட பசியை மறக்காதவரின் செயல் அது. திரையில் குடிக்காத நாயகன், தாய்மார்கள் அதனாலேயே நம்பிய நாயகன். அவருடைய ஆட்சியில்தான் 1981இல் சாராயமும் கள்ளும் மீண்டும் திறந்துவிடப்பட்டன, 1983இல் டாஸ்மாக் நிறுவனம் உருவானது. ஆய்வாளர் எம்.எஸ்.எஸ். பாண்டியன் அந்த ஆட்சியின் வரிச்சுமை ஏழைகள்மீதே விழுந்ததைக் காட்டி, படிமம் ஒரு சிறையாக வேலை செய்தது என்று எழுதினார். சாராயத்தை மூட வேண்டும் என்று ஒரு தாய் கேட்க நினைத்தால், அவள் எதிரில் நிற்பவர் முதலமைச்சர் அல்ல, அவள் தன் வீட்டுப் பிள்ளையாக நினைத்த ஒருவர். கேள்வி தொண்டையிலேயே நின்றுவிடும்.

1984இல் நிலைமை இன்னும் கடினமானது. பக்கவாதம் வந்து நியூயார்க்கின் புரூக்ளின் மருத்துவமனையில் இருந்தார். அவர் அங்கே உட்கார்ந்து சாப்பிடும் காட்சி வீடியோவாக ஊர் ஊராகத் திரையிடப்பட்டது. ஆண்டிப்பட்டி தொகுதிப் பக்கமே வராமல் வென்றார், கட்சியும் வென்றது. திரும்பி வந்தபோது பேச்சு பழையபடி இல்லை. ஒரு நோயாளியைக் குறை சொல்வது பண்பல்ல. அவரைச் சுற்றியிருந்தவர்களைத்தான் கேட்க வேண்டும். ஆள முடியுமா என்று மக்கள் முடிவு செய்ய வேண்டிய நேரத்தில், உயிரோடு இருக்கிறார் பாருங்கள் என்று மட்டும் காட்டியது சரிதானா? 1987 டிசம்பர் 24 அன்று அவர் இறந்தபோது தாங்க முடியாமல் உயிரை விட்டவர்கள் உண்டு. அந்த மரணங்களை அன்பின் அளவுகோலாகப் பெருமையோடு சொல்லும் வழக்கம் இன்னும் இருக்கிறது. அதை நிறுத்திக்கொள்வது நல்லது.

மற்றவர்களின் கதைகள் சுருக்கமானவை. அவற்றில் மக்களின் தெளிவு தெரிகிறது. சிவாஜி கணேசனின் நடிப்பைக் கொண்டாடியவர்கள் 1989இல் திருவையாற்றில் அவரைத் தோற்கடித்தார்கள். விஜயகாந்த் 2005இல் மதுரையில் தே.மு.தி.க.வைத் தொடங்கி, 2011இல் 29 இடங்களோடு எதிர்க்கட்சித் தலைவரானார். 2016இல் உளுந்தூர்பேட்டையில் வைப்புத்தொகையே போனது. வாக்கைத் திரும்பப் பெற்றதில் குறையில்லை. உடல் தளர்ந்து பேச்சுக் குழறியபோது அவரைக் கேலிப்படமாக்கிக் கைபேசியில் சுற்றவிட்டதுதான் குறை. 2023 டிசம்பரில் அவர் மறைந்ததும், வேலப்பன்சாவடி சாலையின் கிழக்கே கோயம்பேட்டில் கூட்டம் கூட்டமாக வந்து அழுதவர்களில் அந்தக் கேலியைப் பகிர்ந்தவர்களும் இருந்திருப்பார்கள். மறுக்கிற உரிமைக்குள் அவமதிக்கிற உரிமை அடங்காது. ரசிகருக்கும் ஒரு கடமை உண்டு என்றால் அது இதுதான்.

ரஜினிகாந்த் 2017இன் கடைசி நாளில் வருவதாகச் சொல்லி, 2020 டிசம்பரில் உடல்நிலையைக் காரணம் காட்டி விலகினார். காத்திருந்தவர்கள் நொந்தார்கள். ஆனாலும் முடியாததை முடியாது என்று ஒருவர் சொன்னதை மதிக்கத்தான் வேண்டும்.

விஜய் 2024 பிப்ரவரியில் தமிழக வெற்றிக் கழகத்தை அறிவித்தார். 2025 செப்டம்பர் 27 அன்று கரூரில் அவரைக் காணக் கூடிய நெரிசலில் 41 பேர் இறந்தார்கள். பெண்களும் குழந்தைகளும் அதில் உண்டு. நண்பகலிலிருந்தே காத்திருந்த கூட்டம் அது, அவர் வந்து சேர்ந்தபோது இருட்டிவிட்டது. குற்றம் யாருடையது என்பதை விசாரணை சொல்லட்டும். காவல்துறை ஏற்பாடு, இடத்தேர்வு, கட்சியின் ஒழுங்கு எல்லாம் அங்கே பேசப்படும். சட்டம் தொடாத ஒரு பகுதியை மட்டும் இங்கே பேசலாம். ஒரு கூட்டம் ஏன் பசியோடும் தாகத்தோடும் கைக்குழந்தையோடும் மணிக்கணக்கில் நின்றது? கொள்கை விளக்கம் கேட்க யாரும் அப்படி நிற்பதில்லை. ஒரு முகத்தை நேரில் பார்க்க நின்றார்கள். இப்படி நிற்பார்கள் என்பது அந்த முகத்துக்கு உரியவருக்கு மற்ற எவரையும்விட நன்றாகத் தெரியும், முப்பதாண்டுத் திரைவாழ்வு அதைக் கற்றுக்கொடுத்திருக்கும். கூட்டத்தைத் தன் பலமாகக் காட்டுகிறவர் கூட்டத்தின் உயிருக்கும் பொறுப்பு. வரமாட்டேன், நீங்கள் வீட்டிலேயே இருங்கள், என் திட்டத்தை எழுதித் தருகிறேன், படித்துப் பார்த்துப் பிடிக்காவிட்டால் வேறு யாருக்காவது போடுங்கள் என்று சொல்லும் துணிவு எந்த நட்சத்திரத்துக்கும் கடினம். ஆனால் ஒப்படைத்த பொருளைக் காப்பவர் செய்ய வேண்டிய வேலை அதுதான். செய்தியாளர் கேள்விக்கு நேரில் பதில் சொல்வது, கட்சிக்குள் தன்னை எதிர்த்துப் பேசுகிறவருக்கு இடம் வைப்பது, மன்றத்தையும் கிளையையும் வேறு வேறாக வைத்திருப்பது எல்லாம் அதில் சேரும்.

மக்கள் ஏமாளிகள் என்று சொல்லி இந்தப் பொறுப்பிலிருந்து நழுவ முடியாது. 1980 ஜனவரியில் நாடாளுமன்றத் தேர்தல் வந்தது. எம்.ஜி.ஆர் முதலமைச்சராக இருந்தபோதே, தமிழ்நாட்டின் 39 தொகுதிகளில் இரண்டே இரண்டில்தான் அவர் கட்சி வென்றது. பிப்ரவரியில் அவர் ஆட்சியை டெல்லி கலைத்தது. மே மாதம் சட்டமன்றத் தேர்தலில் அதே மக்கள் 129 இடங்கள் கொடுத்து அவரைத் திரும்ப உட்காரவைத்தார்கள். ஜனவரியில் அவர்மீது அன்பு தீர்ந்துபோயிருக்கவில்லை, மே மாதத்தில் புதிதாகவும் பிறக்கவில்லை. சுவரில் அவர் படம் அப்படியே இருந்தது. அந்தப் படம் தொங்கிய வீட்டிலிருந்து கிளம்பிப் போன ஒருவர், அட்டை மறைப்புக்குப் பின்னால் தனியாக நின்ற அந்தச் சில நொடிகளில், ஒரு முறை வேறு சின்னத்தில் முத்திரை குத்தினார், ஒரு முறை இரட்டை இலையில் குத்தினார். இரண்டு முறையும் வெளியே வந்து வெயிலில் வீட்டுக்கு நடந்தார்.