கையடையும் காவலும்

தமிழில் ‘காவல்’ என்னுஞ் சொல் இருபொருள் பயப்பது. பேணிக் காத்தலும் காவல். புறம்போகாவண்ணம் அடைத்து வைத்தலும் காவல். வயலுக்குக் காவலிருப்போன் ஒருவன். கைதிக்குக் காவலிருப்போன் மற்றொருவன். இவ்விரு பொருளும் ஒரே சொல்லிற் குடியிருப்பது தற்செயலானது எனத் தள்ளிவிடத் தக்கதன்று. ஒருவனை அடைத்து வைக்கும் ஆற்றல் எவரிடம் உளதோ அவரிடமே அவன் உயிரைப் பேணும் கடமையும் சென்று சேர்கின்றது என்பது அச்சொல்லின் உட்கிடையாகும். போர்க்காலத் தடுப்பு முகாம்கள் பற்றிய ஒழுக்கவியல் ஆராய்ச்சியை இச்சொல்லிலிருந்து தொடங்குதல் பொருந்தும். ஆராய்ச்சிக்குரிய களமும் தொலைவிலில்லை. வவுனியாவுக்கு வடக்கே, கண்டி–யாழ்ப்பாண வீதியில் அமைந்த ஓமந்தையே அக்களம்.

2002ஆம் ஆண்டு பெப்ரவரியிற் கைச்சாத்தான போர்நிறுத்த உடன்படிக்கையின் பின்னர், அரசின் கட்டுப்பாட்டிலிருந்த பகுதிக்கும் விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டிலிருந்த வன்னிக்கும் இடையே வாயிலாக விளங்கியது ஓமந்தைச் சோதனைச் சாவடி. வயலும் காடும் சூழ்ந்த ஒரு சிற்றூரின் பெயர் அக்காலத்திலேதான் நாடெங்கும் அறியப்பட்டது. 2009இல் அவ்வாயிலின் தன்மை மாறிற்று. மாத்தளன், முள்ளிவாய்க்கால் முதலிய இடங்களிலிருந்து போரின் இறுதிக் கட்டத்தில் வெளியேறிய மக்களிற் பெரும்பாலோர் ஓமந்தை வழியாகவே செட்டிகுளத்து முகாம்களுக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். அங்கே அவர்கள் பதிவுக்கும் உடற்சோதனைக்கும் உட்படுத்தப்பட்டனர். இயக்கத்தில் ஒரு நாளேனும் இருந்தோர் தம்மைத் தாமே தெரிவித்துப் பதிந்துகொள்ள வேண்டும் என்ற அறிவித்தல் ஒலிபெருக்கியில் மீண்டும் மீண்டும் விடுக்கப்பட்டது.

‘ஒரு நாளேனும்’ என்ற தொடரைச் சற்று நின்று நோக்குதல் வேண்டும். போரின் பிற்காலத்தில் வன்னியில் வீட்டுக்கொருவர் என்ற கணக்கிற் கட்டாய ஆட்சேர்ப்பு நடைபெற்றது. விரும்பிச் சேர்ந்தோரும், பற்றியிழுத்துச் செல்லப்பட்டுச் சில கிழமைகளில் ஓடிவந்தோரும், எழுதுவினைஞராகவும் சமையலாளராகவும் மட்டுமே பணிபுரிந்தோரும் இத்தொடரின் முன் ஒரே தரத்தினராயினர். இயக்கம் தன் விருப்புக்கு இழுத்துச் சென்ற ஒருவனை, அங்ஙனம் இழுக்கப்பட்டமைக்காக அரசு தடுத்து வைக்க முனைந்தது. செய்த செயலைக் கேளாது சேர்ந்திருந்த இடத்தை மட்டும் கேட்பது எல்லாத் தடுப்பு முகாம்களுக்கும் பொதுவான இயல்பு. எனினும் ஓமந்தையில் அது சான்றுகளால் நிறுவப்படாமல், தன்வாய்ச் சொல்லால் நிறைவேற வேண்டியதாயிற்று.

இங்குதான் சிக்கல் முளைக்கின்றது. உண்மையை உரைத்தவர் குடும்பத்திலிருந்து பிரிக்கப்பட்டார். மறைத்தவர் குடும்பத்தோடு பேருந்தேறினார். மறைத்தவரும் அச்சமின்றி இருந்தாரல்லர். முகாமினுள் எவரேனும் காட்டிக்கொடுப்பர் என்ற நடுக்கம் அவரைத் தொடர்ந்தது. வாய்மையைத் தீங்கின்மையோடு பிணைத்துப் பேசிய வள்ளுவரை ஓமந்தை வரிசையில் நிறுத்தியிருந்தால் அவர் யாது விடை பகர்ந்திருப்பார் என்பது எளிதிற் சொல்லக்கூடியதன்று. பெற்றோரே பிள்ளைகளை அழைத்துச் சென்று பதிவித்தனர். மனைவியரே கணவன்மாரை ஒப்படைத்தனர். ‘விசாரித்து விரைவில் விட்டுவிடுவார்கள்’ என்ற நம்பிக்கையே அவர்களை அவ்வாறு செய்யத் தூண்டிற்று. அவர்களைப் பேதையர் என எவரும் இகழற்க. அரசொன்று பொதுமக்கள் அறிய ஒலிபெருக்கியிற் கூறிய சொல்லைக் குடிகள் நம்புவது குடிமையின் பாற்பட்டதேயாகும்.

இவ்வொப்படைப்புக்குத் தமிழ் மரபில் ஒரு பெயருண்டு. கம்பர் இராமனைத் தசரதன் விசுவாமித்திரனிடம் ஒப்புவித்த பகுதிக்குக் கையடைப் படலம் என்பது பெயர். கையடையாவது பாதுகாக்குமாறு ஒருவர் கையிற் கொடுக்கப்பட்டது. சிலப்பதிகாரத்திலும் அடைக்கலக் காதை என ஒரு காதை உளது. கண்ணகியைக் கவுந்தியடிகள் மாதரியிடம் அடைக்கலமாகத் தந்தார். கோவலன் கொலையுண்டு கண்ணகியும் நகர் நீங்கிய பின், தன்பால் தந்த அடைக்கலம் இழந்தமைக்கு ஆற்றாது மாதரி தீயிற் புகுந்தாள் என நீர்ப்படைக் காதை வாயிலாக அறிகின்றோம். மாதரி யாதொரு குற்றமும் இழைத்தவளல்லள். கோவலனைக் கொல்வித்தவன் பாண்டியன், பொய்யுரைத்தவன் பொற்கொல்லன். ஆயினும் ‘என்னிடம் தரப்பட்டவள் எங்கே’ என்ற வினாவுக்குத் தானே விடையிறுக்க வேண்டியவள் என அவ்விடைக்குல முதுமகள் கருதினாள். அவள் முடிவை இக்காலத்தவர் ஏற்க வேண்டியதில்லை. அவள் உணர்ந்த பொறுப்பின் இயல்பே ஈண்டு கருதற்பாலது. குற்றம் வேறு, பொறுப்பு வேறு. பெற்றுக்கொண்டவர் குற்றமற்றவராயினும் கணக்குக் கொடுக்கக் கடமைப்பட்டவர்.

போர்க்காலத்தில் எவரையும் தடுத்து வைத்தலே கூடாது என வாதிடுவோரும் உளர். அவ்வாதம் உயர்ந்ததாயினும் உலக நடைமுறையோடு பொருந்துவதன்று. 1949ஆம் ஆண்டின் ஜெனீவாச் சமவாயங்களே தடுத்து வைத்தலை முற்றாக விலக்கவில்லை. பாதுகாப்பின் பொருட்டு முற்றிலும் இன்றியமையாதபோது மட்டும், காலத்துக்குக் காலம் மீளாய்வு செய்யப்படும் நிபந்தனையோடு அனுமதிக்கின்றன. உள்நாட்டில் இடம்பெயர்ந்தோர் பற்றி 1998இல் ஐக்கிய நாடுகள் அவையில் முன்வைக்கப்பட்ட வழிகாட்டற் கோட்பாடுகளும், அவர்களை முகாமில் அடைத்தலாகாது என்றும், தவிர்க்கவொண்ணாத விதிவிலக்கில் அடைப்பினும் தேவைக்கு மேலொரு நாளும் நீடிக்கலாகாது என்றும் கூறுகின்றன. செட்டிகுளத்து மெனிக் பாம் முகாமில் உச்சக் கட்டத்தில் இரண்டு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் முட்கம்பிக்குள் இருந்தனர். அரச வழக்கில் அது ‘நலன்புரி நிலையம்’. குழந்தைகளும் முதியோரும் உட்பட எவரும் தம் விருப்பப்படி வெளியேற முடியாதிருந்த அந்நிலை 2009 டிசெம்பரிலேதான் ஓரளவு தளர்ந்தது. முகாம் மூடப்பட்டது 2012 செப்தெம்பரில். எண்பது வயது மூதாட்டியால் நாட்டின் பாதுகாப்புக்கு நேரும் இடர் யாது என்ற வினாவுக்குத் தக்க விடை எவராலும் தரப்படவில்லை.

அம்முகாமின் வலயங்களுக்குச் சூட்டப்பட்ட பெயர்கள் கதிர்காமர், ஆனந்த குமாரசுவாமி, இராமநாதன், அருணாசலம் என்பன. தமிழ்ப் பெரியோரை மதிக்கும் நோக்கிற் சூட்டப்பட்டன போலும். ஆயின் பொன்னம்பலம் இராமநாதனின் வரலாற்றை அறிந்தோர்க்கு அவ்வலயப் பெயர் வேறொன்றை நினைவூட்டாதிராது. 1915ஆம் ஆண்டில், முதலாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த வேளையில், இலங்கையில் முஸ்லிம்களுக்கு எதிரான கலவரம் மூண்டது. பிரித்தானிய ஆட்சியினர் இராணுவச் சட்டத்தைப் பிரகடனஞ் செய்து, டி. எஸ். சேனநாயக்கா உள்ளிட்ட சிங்களத் தலைவர்கள் பலரைச் சிறையிலிட்டனர்; கலவரத்தோடு தொடர்பிருக்கலாம் என்ற ஐயமே பலர் அடைக்கப்படுவதற்குப் போதியதாயிற்று. ஹென்றி பேதிரிஸ் என்னும் இளைஞர் இராணுவ நீதிமன்றத் தீர்ப்பின்படி சுட்டுக் கொல்லப்பட்டார். அவ்வேளையிற் சட்டசபையிலும் பின்னர் இங்கிலாந்திலும் இவ்வடக்குமுறைக்கு எதிராக வாதாடியவர் இராமநாதன். 1916இல் அதுபற்றி நூலொன்றும் வெளியிட்டார். முஸ்லிம்கள் அடைந்த இழப்பை அவர் உரிய அளவு மதித்தாரா என்ற வினா இன்றும் எழுப்பப்படுகின்றது. அது தகுதியான வினாவே. எனினும் உரிய விசாரணையின்றிக் குடிகளை அடைப்பது ஆட்சியாகாது என்பதில் அவர் உறுதியாயிருந்தார். அவர் பெயரால் அமைந்த முட்கம்பி வேலிக்குள் விசாரணையற்ற மக்கள் வாழ்ந்தனர்.

முகாம் வேலிக்குள் இருந்தோரேனும் காணக்கூடிய நிலையில் இருந்தனர். ஓமந்தையிற் பிரிக்கப்பட்டோரின் நிலை வேறு. அவர்களுள் 11,000க்கும் மேற்பட்டோர் ‘புனர்வாழ்வு’ நிலையங்களில் வைக்கப்பட்டுப் படிப்படியாக விடுவிக்கப்பட்டனர். வேறு சிலரைப் பற்றி அதன்பின் எச்செய்தியும் இல்லை. தடுத்து வைத்தலுக்கும் காணாமலாக்குதலுக்கும் இடையே நிற்பது ஒரு தாள் மட்டுமே. பெயரும் நாளும் இடமும் குறித்து, கேட்போர்க்குக் காட்டத்தக்கதாக வைக்கப்படும் ஏடு. தடுப்பதற்கு அரசுக்குள்ள உரிமையை எவ்வளவு விரித்து ஒப்புக்கொண்டாலும், அவ்வேட்டை மறைக்கும் உரிமை அதனுள் அடங்காது. அடைத்தவனை விசாரிக்காமை அநீதி. அவன் அடைபட்டுள்ளான் என்பதையே சொல்லாமை அதனினும் கொடிது. அடைபட்டவனுக்காக வாதிடக்கூடிய அனைவரையும் அது ஒருங்கே ஊமையாக்கிவிடுகின்றது.

போர்க் குழப்பத்தில் ஏடு எழுத நேரமேது எனச் சிலர் வினவலாம். 1914 ஓகஸ்டில் ஐரோப்பா முழுதும் தீப்பற்றி எரிந்தபோது, ஜெனீவாவிற் செஞ்சிலுவைச் சங்கம் போர்க்கைதிகளுக்கான அலுவலகம் ஒன்றைத் திறந்தது. போரிடும் இரு தரப்பும் அனுப்பிய பட்டியல்களைக் கொண்டு தொண்டர்கள் 60 இலட்சத்துக்கும் மேற்பட்ட அட்டைகளைக் கையால் எழுதி ஒழுங்குபடுத்தினர். நாவலாசிரியர் ரொமேன் ரோலன் அத்தொண்டருள் ஒருவர். தட்டச்சுப் பொறியும் தபாலும் மட்டுமே இருந்த காலம் அது. இலங்கையையே எடுப்பினும், தென்னாபிரிக்கப் போரிற் பிடிபட்ட ஏறத்தாழ 5,000 போயர்கள் 1900ஆம் ஆண்டு தொடக்கம் தியத்தலாவை முதலிய இடங்களில் வைக்கப்பட்டிருந்தனர். அங்கு மாண்டோர்க்கு இன்றும் கல்லறைத் தோட்டம் உண்டு. அதே போரில் அதே பிரித்தானியர் தென்னாபிரிக்காவில் அமைத்த முகாம்களில் 26,000க்கு மேற்பட்ட போயர் பெண்களும் குழந்தைகளும் இறந்தமை கணக்கிடப்பட்டுள்ளது. கறுப்பின மக்களின் முகாம்களில் இறந்தோர் தொகையோ இன்றுவரை வரையறுக்கப்படவில்லை. எவருடைய பெயரை எழுதினர், எவருடைய பெயரை எழுதாது விட்டனர் என்பதைக் கொண்டே அடைத்தவர் எவரை மனிதராக மதித்தனர் என்பதை அளந்துவிடலாம்.

1942இல் அமெரிக்க அரசு யப்பானிய வம்சாவளியினர் ஏறத்தாழ 1,20,000 பேரை முகாம்களில் அடைத்தது. 1988இல் அந்நாடு சட்டமியற்றி மன்னிப்புக் கோரி, உயிரோடிருந்தோர் ஒவ்வொருவருக்கும் 20,000 டொலர் வழங்கிற்று. அதன்பின்னும் அடைக்கப்பட்டோர் பெயர்களை ஒருங்கே திரட்டும் பணி தொடர்ந்தது. 2022இல் 1,25,284 பெயர்கள் கொண்ட பெருநூலொன்று லொஸ் ஏஞ்சல்ஸ் நகரிற் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்பட்டது. உறவினர் வந்து தம்மவர் பெயரின்கீழ் முத்திரையிட்டுச் சென்றனர்.

இக்கடப்பாடு அரசுகளுக்கு மட்டுமே உரியதெனக் கொள்ளுதல் நேர்மையாகாது. 1990 யூனில் கிழக்கு மாகாணத்திற் சரணடைந்த நூற்றுக்கணக்கான பொலிஸார் விடுதலைப் புலிகளாற் கொல்லப்பட்டனர். அவர்களும் ஒப்படைக்கப்பட்டோரே, அவர்தம் மனைவியரும் தாயரும் கேட்ட வினாவும் இதுவே. ஒரு சாரார் துயரைச் சொல்லி மறு சாரார் துயரை மறைப்பவர் நீதியின் பெயரால் வழக்காடத் தகுதியிழந்தவராவர்.

போரின் பின் நியமிக்கப்பட்ட கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழு 2011இல் அளித்த அறிக்கை, சரணடைந்தபின் காணப்படாதோர் பற்றிய சாட்சியங்களைப் பதிவு செய்தது. தடுப்பிலுள்ளோர் அனைவரது விவரமும் அடங்கிய மத்திய ஏடொன்று உறவினர்க்குக் கிடைக்குமாறு பேணப்படல் வேண்டும் எனவும் விதந்துரைத்தது. 2009 மே 18இல் வட்டுவாகலிற் சரணடைந்தோருடன் சென்ற கத்தோலிக்கக் குரு ஒருவர், அவர்கள் பேருந்தேறுமுன் பெயர்களை ஒரு தாளில் எழுதினார் எனக் கண்டோர் சாட்சியமளித்துள்ளனர். அரசிடமிருந்து எதிர்பார்க்கப்பட்ட தொழிலை, தாமும் பேருந்தேறவிருந்த ஒரு முதியவர் செய்தார். அவரும் திரும்பவில்லை. ஆட்கொணர்வு மனுக்கள் தொடர்பில் முல்லைத்தீவு நீதிமன்றில் நடந்த விசாரணையின்போது, சரணடைந்தோரின் பட்டியல் தம்மிடம் உண்டென இராணுவ அதிகாரி ஒருவர் கூறினார். பின்னர் முன்வைக்கப்பட்டதோ புனர்வாழ்வு பெற்றோரின் பட்டியல். இலங்கை 2016இல் ஏற்றுறுதி செய்த, வலிந்து காணாமலாக்கப்படுதலுக்கு எதிரான சர்வதேச சமவாயம், தடுப்பிலுள்ளோர் பற்றிய ஏட்டை அரசு கட்டாயம் பேணல் வேண்டும் என 17ஆம் உறுப்புரையில் விதிக்கின்றது.

2015 ஓகஸ்டில் ஓமந்தைச் சோதனைச் சாவடி அகற்றப்பட்டது. வாகனங்கள் இன்று அவ்விடத்தை நில்லாமற் கடந்து செல்கின்றன. 2017 பெப்ரவரியில் வவுனியாவிற் கண்டி வீதியோரம் உறவினர்கள் தொடர் போராட்டத்திற் குந்தினர். அவ்வாண்டு யூனில் அப்போதைய சனாதிபதி மைத்திரிபால சிறிசேன, சரணடைந்தோர் பட்டியலை வெளியிடச் செய்வதாக உறவினர்க்கு வாக்களித்தார். 2020 சனவரியில், அவர்பின் வந்த சனாதிபதி கோட்டாபய ராஜபக்ச, காணாமற்போனோர் உண்மையில் இறந்துவிட்டனர் என்றும், உரிய விசாரணையின் பின் மரணச் சான்றிதழ் வழங்கப்படும் என்றும் ஐக்கிய நாடுகளின் பிரதிநிதியிடம் தெரிவித்தார். தாய்மார் பலர் அச்சான்றிதழை மறுத்தனர். மரணச் சான்றிதழில் இறந்த இடம், இறந்த திகதி, இறப்புக்கான காரணம் என்பனவற்றை நிரப்ப வேண்டும். ஓமந்தையில் ஒலிபெருக்கியின் சொற்கேட்டு மகனைக் கையோடு அழைத்துச் சென்று ஒப்படைத்த தாய்க்கு அவன் கையளிக்கப்பட்ட இடமும் நாளும் நன்கு தெரியும். அவள் கேட்பது அதற்கு அடுத்த நாள் என்ன நடந்தது என்பதை.