முறிவும் எண்ணும்

உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாட்டுப் பத்தாம் பதிப்பில் (ஐ.சி.டி.-10) மண்டையோட்டு முறிவும் முக எலும்பு முறிவும் எஸ்02 என்ற ஒரே தலைப்பில் வருகின்றன. புள்ளிக்குப் பின் பத்து உட்பிரிவுகள் உண்டு: 0 மண்டையோட்டின் மேற்கவிகை, 1 அடித்தளம், 2 மூக்கெலும்பு, 3 கண்குழியின் தரை, 4 கன்ன எலும்பும் மேல்தாடையும், 5 பல், 6 கீழ்த்தாடை, 7 பல இடங்களில் முறிவு, 8 பிற எலும்புகள், 9 இடம் குறிக்கப்படாதவை. மெடிக்கல் கோடர் நோயாளியைப் பார்ப்பதில்லை. மருத்துவர் எழுதிய டிஸ்சார்ஜ் சம்மரியைப் படித்து எண்ணைப் போடுகிறார். அந்த எண் எதைக் குறிக்கிறது என்று கேட்டால், இந்தியத் தத்துவத்தின் பழைய வழக்கு ஒன்று மீண்டும் விசாரணைக்கு வருகிறது: வகை என்பது பொருளிலேயே உள்ளதா, மனிதர் இட்ட பெயர் மட்டுமா?

வகை பொருளிலேயே உள்ளது என்பது வைசேடிகரின் கட்சி. பல பசுக்களில் ஒன்றாக நிற்கும் ‘பசுத்தன்மை’யை அவர்கள் சாமானியம் என்றனர், அதை மெய்யான பதார்த்தமாகவே கொண்டனர். மணிமேகலையில் சமயக்கணக்கர் தத்தம் கொள்கையைச் சொல்லும் காதையிலும் சாமானியமும், தனித்தன்மையைக் குறிக்கும் விசேடமும் இடம்பெறுகின்றன. பௌத்தத் தருக்க ஆசிரியர் திக்நாகர் இதை மறுத்தார். உலகில் இருப்பவை தனித்தனிப் பொருள்களே. சொல் செய்வதெல்லாம் மற்றவற்றை விலக்குவதுதான் என்பது அவர் வாதம். ‘பசு’ என்றால் ‘பசு அல்லாதது அன்று’ என்பதற்கு மேல் பொருளில்லை. இதற்கு அபோகம் என்று பெயர்.

இவ்வழக்கில் கண்குழி நல்ல சாட்சி. கண்குழியின் தரை என்று தனி எலும்பு உடலில் இல்லை. மேல்தாடை எலும்பு, கன்ன எலும்பு, அண்ண எலும்பு ஆகிய மூன்றின் பகுதிகள் சேர்ந்து அந்தத் தரையாகின்றன. ஆயினும் அதற்கு எஸ்02.3 என்று தனி எண் உண்டு. அதே குழியின் கூரை உடைந்தால் எண் எஸ்02.1; கூரை மண்டையோட்டு அடித்தளத்தோடு எண்ணப்படுகிறது. ‘கண்குழி முறிவு’ என்று மட்டும் எழுதியிருந்தால் எஸ்02.8. ஆக, ஒரு குழிக்கு மூன்று எண்கள். தரை உடைந்தால் கண் உள்ளே இறங்கலாம், பார்வை இரட்டையாகத் தெரியலாம். கூரைக்கு மேலே இருப்பதோ மூளை. பிரிவினையை எலும்பின் எல்லை முடிவு செய்யவில்லை. சிகிச்சையின் தேவையே செய்திருக்கிறது. பல் எலும்பே அல்ல. எனினும் உடைந்த பல்லும் இதே தலைப்பில்தான் வருகிறது. வைசேடிகருக்கு இது சங்கடம்.

‘பிற’ என்ற எட்டாம் பிரிவு திக்நாகர் பக்கம் பேசுகிறது. அதற்கென்று பொதுத்தன்மை ஏதுமில்லை; மற்றவற்றில் அடங்காததே அதன் இலக்கணம். எனினும் பெயர்கள் விருப்பப்படி வைக்கப்பட்டவை என்று முடித்துவிடவும் இயலாது. எக்ஸ்ரேயில் தெரியும் விரிசல் எந்த வகைப்பாட்டையும் கேட்டு உண்டானதன்று. வகைகள் பொருந்தாதபோது அந்த விரிசல்களே அவற்றை மாற்ற வைக்கின்றன. 2019 அக்டோபரில் அமெரிக்கப் பதிப்பு கண்குழியின் கூரைக்கும் பக்கச் சுவர்களுக்கும் தனித்தனி எண்களைச் சேர்த்தது.

அறியாமைக்கும் இம்முறையில் விதி உண்டு. முறிவு தோலைக் கிழித்துத் திறந்ததா, மூடியதா என்று குறிப்பில் இல்லையெனில், மூடியது என்றே கொள்ள வேண்டும். இங்கே எண் சொல்வது உண்மையை அன்று, ஓர் உடன்பாட்டை. ஊகித்து எழுதுவதைவிட உடன்பாடு நேர்மையானது. பின்னால் கணக்கெடுப்பவர் அதை உடன்பாடு என்று நினைவில் வைத்திருந்தால் மட்டும்.

அடுத்த கேள்வி காரணம் பற்றியது. பைக்கிலிருந்து விழுந்தவரின் கீழ்த்தாடைக்கும், வீட்டில் அடிவாங்கிய பெண்ணின் கீழ்த்தாடைக்கும் எண் ஒன்றே: எஸ்02.6. எது நடந்தது என்பதைச் சொல்ல வகைப்பாட்டின் இருபதாம் அத்தியாயம் தனி எண்கள் தருகிறது. பைக் ஓட்டியவருக்கு வி20 முதல் வி29 வரை. கைகலப்பில் தாக்கப்பட்டவருக்கு ஒய்04. விபத்தா, தாக்குதலா என்று தீர்மானிக்க முடியாதவற்றுக்கு ஒய்10 முதல் ஒய்34 வரை. அடிபட்ட பெண் ‘வழுக்கி விழுந்தேன்’ என்று சொல்லி, மருத்துவரும் அப்படியே எழுதினால், கோடரின் கைக்கு வருவது விழுந்ததற்கான எண்தான். முறிவு பற்றிய எண் சரியாகவே இருக்கும். நடந்தது பற்றிய எண் பொய்யாகிவிடும். நோயாளி வாய் திறப்பதும் மருத்துவர் பொறுமையாகக் கேட்பதும் எண்ணுக்கு முன்னரே நடக்க வேண்டியவை.

இந்த வகைப்பாட்டின் வேர், ஷாக் பெர்த்தியோன் 1893-இல் சிகாகோவில் முன்வைத்த மரணக் காரணப் பட்டியல். உலக சுகாதார நிறுவனம் பொறுப்பேற்றபின் 1948-இன் ஆறாம் திருத்தத்தில் உயிரோடிருப்பவரின் நோய்களும் காயங்களும் முழுமையாகச் சேர்ந்தன. தொடக்கம் முதல் அதன் கேள்வி ‘எத்தனை பேர்’ என்பதே. ஒப்பிட்டு எண்ணப் பொதுமை வேண்டும். அந்தப் பொதுமை முறிவுகளில் உள்ள ஒற்றுமையையும் மனிதரின் தேவையையும் சேர்த்துக் கட்டியது. அதனால் இரு கட்சிகளுக்கும் பாதி வெற்றிதான். ‘யார், எப்படி’ என்ற விசேடம் எண்ணில் அடங்காது. அதற்கு இடம் நோயாளியின் கேஸ் ஷீட்.