சிரிப்பு யாரைப் பார்த்து?

2023 ஜூலையில் வுச்சீரியாவில் ஓர் இளம்பெண்ணுக்கு மதுவைக் கொடுத்து, ஃபோரோ இத்தாலிக்கோவுக்குக் கொண்டு சென்று, இளைஞர்கள் கூட்டாகப் பாலியல் வன்முறை செய்தார்கள். செய்தி அறிந்ததும் எம்மவர் வீடுகளிலும் எழுந்த முதற் கேள்வி: “அந்த நேரத்தில் அவள் ஏன் அங்கே போனாள்?”

இக்கேள்வி சிசிலிக்குப் பழையது. வன்முறை செய்தவனே அப்பெண்ணை மணந்தால் தண்டனை இல்லை என்பது அந்நாளைய இத்தாலியச் சட்டம். 1964இல் வெளிவந்த பியெத்ரோ ஜெர்மியின் ‘செதொத்தா எ அபந்தொனாத்தா’ என்ற நகைச்சுவைப் படத்தில், தகப்பனுக்கு மகளின் துயரை விடக் குடும்ப மானமே பெரிது. அவர் படும் பாட்டைப் பார்த்தே அரங்கு சிரிக்கிறது, மகளைப் பார்த்தல்ல.

1965 டிசெம்பரில் அல்காமோவில் கடத்தப்பட்ட பிராங்கா வியோலா, கடத்தியவனை மணக்க மறுத்தார். தந்தை பெர்னார்தோ மிரட்டலுக்கும் தீவைப்புக்கும் அஞ்சாமல் மகளின் பக்கம் நின்றார். அச்சட்டம் 1981இல் நீக்கப்பட்டது.

இத்தகைய துயரில் நகைக்கலாமா என அன்பர்கள் கேட்கக்கூடும். துயருற்றவளைப் பார்த்து நகைப்பது பாவம். பழி சொல்பவரின் வாதத்தையே எடுத்து, அது எங்கே போய் முடிகிறது என்று காட்டுவதே நையாண்டி. 2013இல் இந்தியாவில் வந்த குறும்படமொன்றில், பெண்கள் புன்னகையோடு எல்லாப் பழியையும் தம்மீதே போட்டுக்கொண்டார்கள். பார்த்த பலருக்கு உறைத்தது.

பூசை முடிந்து வீடு திரும்புகையில் நாம் பேசுவதை எம் பிள்ளைகள் கேட்டுக்கொண்டே வருகிறார்கள். “ஏன் போனாள்?” என்று இன்று கேட்கும் பெற்றோரிடம், நாளை தனக்கொன்று நேர்ந்தால் எந்த மகள் வாய் திறப்பாள்?