திரையை இறக்கும் கை

செக்கோஸ்லோவாக்கியாவின் தலைநகரான பிராகில், 1970களின் பிற்பகுதியில் ஒரு வீட்டுக் கூடமே நாடக அரங்காயிற்று. விளாஸ்டா கிராமொஸ்தோவா என்னும் புகழ்பெற்ற நடிகை, 1968இல் நாட்டிற்குள் புகுந்த சோவியத் படையை ஏற்க மறுத்தவர். பொதுவுடைமை அரசு அவருக்கு மேடையை மறுத்தது. அவரோ தம் வீட்டிலேயே நண்பர்களை அமரவைத்து, பாவெல் கோஹௌட் சுருக்கியமைத்த ஷேக்ஸ்பியரின் 'மாக்பெத்'தை 1978இல் நடித்தார். காவல்துறையின் கண் அவ்வீட்டின் மீதே இருந்தது.

அதே நாட்டில் குருக்கள் திருப்பணியாற்றவும் அரசின் உரிமம் வேண்டியிருந்தது. உரிமம் இழந்த குருக்கள் பலர் இத்தகைய வீடுகளில்தான் மறைவாகத் திருப்பலி நிறைவேற்றினர். ஆதலால் கிராமொஸ்தோவாவைப் போற்றுவது நமக்கு எளிது. அவரை ஒடுக்கிய கைதான் நம்மையும் ஒடுக்கியது.

எளிதல்லாத இடம் நம் மண்ணில் இருக்கிறது. வெள்ளையர் 1876இல் இயற்றிய நாடகச் சட்டத்தின் வாரிசாக, சென்னை மாநிலத்தில் 1954இல் ஒரு சட்டம் வந்தது. எம்.ஆர். இராதாவின் இராமாயண நாடகத்தை மனத்திற்கொண்டே அது வந்தது என்பர். தடையுண்ட நாடகத்திற்கு வேறு பெயரிட்டு மறுபடியும் மேடையேற்றியவர் அவர். மனம் புண்படுவோர் வரவேண்டாம், அவர்தம் காசும் வேண்டாம் என்று முன்னரே அறிவித்தவர் என்றும் சொல்வார்கள். நாடகக்காரர் ஞாநி தொடுத்த வழக்கில், சென்னை உயர்நீதிமன்றம் அச்சட்டத்தின் முக்கியப் பிரிவுகளைச் செல்லாதென்றது. அது 2013இல்! நடுவில் ஏறத்தாழ அறுபது ஆண்டுகள். அதுவரை நாம் என்ன செய்தோம்? பிறர் தெய்வத்தைப் பற்றிய சச்சரவு என்று ஒதுங்கியிருந்தோம்.

ஒதுங்காத இடமும் உண்டு. 1986இல் கேரளத்தில் பி.எம். ஆன்றணியின் 'கிறிஸ்துவின் ஆறாம் திருக்காயம்' தடைசெய்யப்பட்டது. தடை கேட்டுப் போராடியவர்கள் நம்மவரே. அந்நாடகத்தை நான் பார்த்ததில்லை; எதிர்த்தவர்களுள் பலரும் பார்த்திருக்கமாட்டார்கள் என்றே எண்ணுகிறேன்.

நம்பிக்கையாளரின் மனம் புண்படுவது பொய்யன்று. நானும் புண்பட்டிருக்கிறேன். ஆனால் புண்பட்டவன் மறுமொழி சொல்வது வேறு. காவலரை அழைப்பது வேறு. மனச்சான்றுக்கு எதிராக எவரையும் வற்புறுத்தலாகாது என்று இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1965இல் அறிவித்தது. நானூறு ஆண்டுகளாகத் திருச்சபை வைத்திருந்த தடைநூற்பட்டியல் மறு ஆண்டே வழக்கொழிந்தது. தலைமைச் சங்கத்தின் முன் நம் ஆண்டவர் மீது சாட்டப்பட்ட குற்றம் தெய்வநிந்தனை என்பதையும் நாம் மறந்துவிடுகிறோம்.

இதை எழுத எனக்குத் தகுதி குறைவு. சில ஆண்டுகளுக்கு முன் நல்லூரில், பீங்கான் தொழிற்கூடங்களில் வேலைசெய்யும் நம் பங்கு இளைஞர்கள் திருவிழாவிற்கு ஒரு நாடகம் எழுதினார்கள். ஏழையின் காணிக்கைக்கு யார் கணக்குச் சொல்வது என்று ஒரு கிழவி கேட்கும் காட்சி அதில் இருந்தது. பங்கின் ஒற்றுமை கெடும் என்று சொல்லி அதை நீக்கச் செய்தேன். என்னைத்தான் கேட்கிறாள் என்று தோன்றியதே உண்மைக் காரணம். அவர்கள் பணிந்தார்கள். மறுநாள் இரவு, சூளைக் கொட்டகையொன்றில் முழு நாடகத்தையும் நடித்தார்கள். கைதட்டல் பங்கு இல்லம்வரை கேட்டது.

இவ்வாண்டும் நாடகம் எழுதியிருக்கிறார்கள். படியை என்னிடம் காட்டவில்லை, நானும் கேட்கவில்லை.