குரவர் விட்டுச் செல்வது யாது?



நாம் நாள்தோறும் ஓதும் பஞ்ச மந்திரத்தில் அருகரும் சித்தரும் முதற்கண் வணங்கப்படுகின்றனர். அடுத்து வரும் ஆசாரியர், உபாத்தியாயர், சாதுக்கள் ஆகிய மூவரும் நமக்கு நெறி காட்டும் குரவர்கள். அம்மந்திரத்தில் தனியொருவர் பெயரும் இல்லை. பண்புடையார் எவராயினும் வணக்கத்திற்குரியர். பண்பில்லாதார் எத்துணைப் புகழ் பெறினும் குரவர் ஆகார். ஆராயாது ஒருவரைக் குருவெனக் கொள்ளும் அறியாமையையே நம் நூல்கள் பாசண்டி மூடம் எனக் கடிந்து விலக்குகின்றன.

அங்ஙனமாயின், உண்மைக் குரவரை எவ்வாறு அறிவது? அவர் தமக்குப்பின் விட்டுச் செல்வதைக் கொண்டு அறியலாம் என்பது எம் கருத்து. இதற்கு அயல் நெறியிலிருந்தும் சான்று கொள்வது, அநேகாந்தம் பயின்ற நமக்கு இயல்பேயாம்.

பஞ்சாபில் தோன்றிய குரு நானக் (1469–1539), தம் மைந்தர் இருவர் இருக்கவும், தமக்குத் தொண்டு புரிந்த லேனா என்னும் மாணாக்கரையே தேர்ந்து, அங்கத் எனப் பெயரிட்டுத் தம் இடத்தில் அமர்த்தினார். ஐந்தாம் குரு அர்ஜன் 1604ஆம் ஆண்டில் குருமார் பாடல்களைத் தொகுத்தபோது, நெசவாளராகிய கபீர், தோல் தொழில் செய்த ரவிதாசர், இசுலாமியராகிய பரீத் ஆகியோர் வாக்குகளையும் உடன் சேர்த்தார். ஒன்பதாம் குரு தேக் பகதூர் 1675இல் தில்லியில் கொல்லப்பட்டார். தம் சமயத்தினர் அல்லாத காசுமீரப் பண்டிதர்களின் சமய உரிமைக்காகவே அவர் உயிர் ஈந்தார் என்று சீக்கியர் போற்றுகின்றனர். பத்தாம் குரு கோவிந்த் சிங் 1708இல், இனி நூலே குரு என அறிவித்து மறைந்தார்.

கடவுட் கொள்கையிலும், அறங்காக்க வாளேந்துவதிலும் அவர் நெறி வேறு. கொல்லாமையை முதலறமாகக் கொண்ட நம் நெறி வேறு. அவ்வேற்றுமையை மறைத்தல் நேர்மையன்று. எனினும், குருத்துவம் குருதி வழியால் வருவதன்று, கற்றுத் தேர்ந்தாரிடத்தே வருவது என்று அவர் காட்டிய தொடக்கம் நாமும் போற்றத்தக்கது.

இவ்வுண்மைக்கு நம் கொங்கு நாட்டிலேயே கல்லிற் பொறித்த சான்று உண்டு. பழநிக்கு அண்மையிலுள்ள ஐவர்மலையில் கி.பி. 870ஆம் ஆண்டுக் கல்வெட்டு ஒன்று, பாண்டியன் வரகுணனது எட்டாம் ஆட்சியாண்டைக் குறிக்கின்றது. குணவீரக் குரவடிகளின் மாணாக்கர் சாந்திவீரக் குரவர், பார்சுவ பட்டாரர் திருவுருவையும் இயக்கியர் உருவையும் புதுக்கி, வழிபாட்டு அமுதுக்கும் அடிகள் ஒருவரின் உணவுக்குமாக 505 காணம் பொன் அமைத்தார் என்று அது கூறுகின்றது. அங்கு அவரை அறிமுகம் செய்வது அவர்தம் ஆசிரியர் பெயரே. ஆசிரியர்க்குப்பின் மாணாக்கர் நின்று பழையதைப் புதுக்கினார். பின்வருவார்க்குச் சோறும் வைத்தார்.

பவணந்தி முனிவர் விட்டுச் சென்றதோ நூல். பெருந்துறையை அடுத்த சீனாபுரமே அவர் ஊர் என்பது கொங்கு நாட்டு மரபு. சீயகங்கன் வேண்டுகோளால் பதின்மூன்றாம் நூற்றாண்டில் அவர் இயற்றிய நன்னூல், இலக்கணம் தொடங்கு முன்னரே ஆசிரியர் இலக்கணத்தை வகுக்கின்றது. நல்லாசிரியரை நிலம், மலை, துலாக்கோல், மலர் ஆகியவற்றோடு ஒப்பிடுவதோடு அமையாது, ஆசிரியர் ஆகாதார் இன்னார் என்பதையும் அது எடுத்துரைக்கின்றது. அந்நூலுக்குச் சமணராகிய மயிலைநாதர் உரை கண்டார். பின்னர்ச் சைவராகிய சங்கரநமச்சிவாயரும் உரை எழுத, சிவஞான முனிவர் அதனைத் திருத்தினார். சமண முனிவர் ஒருவரின் நூல், சமய எல்லை கடந்து தமிழ் கற்பார் அனைவர்க்கும் ஆசிரியர் ஆயிற்று.

ஆனால் மற்றொரு பக்கத்தையும் காண்போம். கோவையிலிருந்து ஈரோடு செல்லும் வழியில் உள்ள விசயமங்கலத்தில் சந்திரப்பிரபர் ஆலயம் இன்றும் நிற்கின்றது. பெருங்கதை பாடிய கொங்குவேளிரின் ஊர் அது. அப்பெருங்கதையை 1924இல் உ. வே. சாமிநாதையர் பதிப்பித்தபோது, நூலின் முதலும் முடிவும் கிடைத்தில. கொங்கு நாட்டில் பரவியிருந்த சமணக் குடிகளும் அருகிவிட்டன. கல்லால் எழுப்பிய ஆலயம் கற்பார் இல்லாதபோதும் நிற்கும். ஏடு அங்ஙனம் நில்லாது. படித்துப் பெயர்த்தெழுதும் மாணாக்கர் வரிசை அறுந்தால், எத்துணைப் பெரிய குரவரின் வாக்கும் முதலும் முடிவும் இன்றித் தேய்ந்துவிடும்.

தொழிலும் கல்வியும் கருதி இன்று நம் குடும்பங்கள் பிறந்த ஊரை விட்டு நகரங்களிற் குடியேறியுள்ளன. முனிவர்களைக் காணும் வாய்ப்பும் அரிதாகின்றது. இந்நிலையில் வீட்டுப் பெரியோரே பிள்ளைகட்கு உபாத்தியாயர் ஆதல் வேண்டும். மாலையில் சிறிது பொழுது பஞ்ச மந்திரத்தைச் சொல்லுவித்து, அதன் பொருளையும் விளக்குவோம். அருங்கலச்செப்பிலும் சீவக சிந்தாமணியிலும் வாரத்திற்கு ஒரு செய்யுளேனும் பயிற்றுவோம். கோவைப் பக்கம் செல்லும்போது விசயமங்கலத்திற்கும் பிள்ளைகளை அழைத்துச் சென்று, இங்கு வாழ்ந்தோர் யாவர், அவர் விட்டுச் சென்றது யாது என்று எடுத்துரைப்போம். பரணில் ஏடு இருப்பின், அதனைக் கற்றாரிடம் காட்டிப் படியெடுத்து வைப்போம்.

சாந்திவீரக் குரவர் தாம் பெற்றதைப் புதுக்கி, பின்வருவார்க்கு வைத்துச் சென்றார். நாமும் அது செய்யின், நம் பிள்ளைகள் குணவீரர் மரபின் மாணாக்கர் எனத் தம்மைச் சொல்லிக்கொள்ள உரிமை பெறுவர்.

வளர்க நல்லறம்!