சாட்சி என்னும் சொல்லின் இரு பொருள்கள்

சாட்சி என்னும் சொல் தமிழில் ஒன்றுக்கொன்று முரணான இரு பொருள்களைத் தாங்கி நிற்கிறது: அத்வைத வேதாந்தத்தில் அது நிகழ்வன எவற்றாலும் தீண்டப்படாமல் அனைத்தையும் அறிந்திருக்கும் அறிவைக் குறிக்க, வழக்காடுமன்றத்தில் அதுவே கண்டதைச் சொல்லியாக வேண்டிய மனிதரைக் குறிக்கிறது. விளக்கவுரையோ நேர்காணலோ இன்றி, நடப்பதில் குறுக்கிடாமல் நெடுநேரம் படமாக்கும் அவதானிப்பு ஆவணப்பட முறை, தோளில் சுமக்கத்தக்க கேமராக்களின் வரவால் 1960களில் அமெரிக்காவில் வளர்ந்தபோது, பலரும் அதை முதற்பொருளிலேயே புரிந்துகொண்டனர். கிறித்தவ மடமொன்றின் அன்றாடத்தை 'எஸ்ஸீன்' (1972) படத்தில் பதிவுசெய்த ஃபிரெடரிக் வைஸ்மனோ தம் படங்கள் நடுநிலையானவை என்று உரிமை கொண்டாடியதில்லை.

சமயத்தையும் சாதியையும் ஒருசேரப் பார்க்க முயலும் படத்துக்கு முதற்பொருள் போதாது. திருச்சியில் செருப்புத் தைக்கும் அருந்ததியக் கிறித்தவர்களைப் பற்றி ஆர்.பி. அமுதன் எடுத்த 'செருப்பு' (2006) இதற்கு நல்ல சான்று. தோல் அறுப்பதையும் தைப்பதையும் எந்தக் கேமராவும் காட்டிவிடும். ஆனால் 1950ஆம் ஆண்டின் பட்டியல் சாதிகள் ஆணையின் மூன்றாம் பத்தி கண்ணுக்குத் தெரிவதில்லை. இந்துக்களுக்கு மட்டுமே பட்டியல் சாதித் தகுதி என்று வரையறுத்த அப்பத்தி, 1956இல் சீக்கியரையும் 1990இல் பௌத்தரையும் சேர்த்துக்கொண்ட பின்னும் கிறித்தவரை வெளியே நிறுத்தியிருப்பதால், தொழிலும் தெருவும் இழிவும் மாறாதிருக்க வழிபாடு மாறிய ஒன்றுக்காகவே ஒரு குடும்பம் தன் தகுதியை இழக்கிறது. இதை யாரேனும் வாய்திறந்து சொல்லித்தான் ஆகவேண்டும்.

கோயில் வாசலிலும் கேமராவுக்கு இதே சோதனை உண்டு. கார்த்திகையன்று அண்ணாமலை உச்சியில் ஏற்றப்படும் தீபத்தைக் கீழ்பென்னாத்தூர் வட்டாரத்தில் ஊரும் காலனியும் ஒரே நேரத்தில் காண்கின்றன. மாரியம்மன் கோயில் வாசல்கள் எல்லா இடத்திலும் அப்படிப் பொதுவாக இருந்ததில்லை. இதே திருவண்ணாமலை மாவட்டத்துத் தென்முடியனூரில், ஏறத்தாழ எண்பது ஆண்டுகள் நீடித்ததாகச் சொல்லப்பட்ட தடையைக் கடந்து, 2023 ஜனவரி 30 அன்று தலித் மக்கள் காவல்துறைப் பாதுகாப்புடன் முத்துமாரியம்மன் கோயிலுக்குள் சென்றனர். அவ்வாண்டு ஆகஸ்டில் செல்லங்குப்பத்திலும் அவ்வாறே நிகழ்ந்தது. இரண்டும் செய்திகளில் பரவலாக இடம்பெற்றன.

எதனாலும் தீண்டப்படாத சாட்சிக்கு மாறாக, உயிர் எதைச் சார்கிறதோ அதன் வண்ணமாகிறது என்பது பதின்மூன்றாம் நூற்றாண்டின் மெய்கண்டார் வழிவந்த சைவசித்தாந்தத்தின் கொள்கை. தன்னருகே வைத்த பொருளின் நிறத்தைக் காட்டும் பளிங்கை அதற்கு உவமையாக்குவர். கேமராவின் வில்லையும் பளிங்குதானே! கோயில் நுழைவின்போது கருவறைப் பக்கம் நின்று நோக்கினால் உள்ளே வருவோர் விருந்தினராகத் தோன்றுவர். தெருப்பக்கம் நின்றால், இத்தனை காலம் அடைத்துக் கிடந்த தம் சொந்தக் கோயிலின் கதவுக்கு முன் அவர்கள் நிற்பது தெரியும். எப்பக்கம் நிற்பது என்ற முடிவோடு, எத்தனை நாள் நிற்பது என்ற முடிவும் வேண்டும். நுழைவு நாளைக் காட்ட ஒரு காலைப்பொழுது போதும். காவலர் போனபின் வரும் வெள்ளிக்கிழமைகளில் யார் வருகிறார்கள், யார் வருவதை நிறுத்திக்கொள்கிறார்கள், ஆடியில் கூழ் வார்க்கும்போது யார் வீட்டுக் கேழ்வரகு அண்டாவில் சேர்கிறது என்பனவற்றை அறிய, அங்கேயே தங்கி ஓராண்டேனும் காத்திருக்கும் கேமரா வேண்டும்.