சாத்தானின் வேடம்

"நான் விலகிவிட்டால் என் இடத்துக்கு இன்னும் கொடியவன் வருவான். நான் இருப்பதால் நாலு பேராவது பிழைக்கிறார்கள்." அநீதியான ஆட்சியில் பதவி வகிப்பவர்கள் எல்லாக் காலத்திலும் சொல்லி வந்திருக்கும் சமாதானம் இது. இதைப் பொய்யென்று தள்ளிவிட முடிவதில்லை; மெய்யென்று ஏற்கவும் மனம் துணிவதில்லை. ஜெர்மானிய நடிகரும் நாடக, சினிமா டைரக்டருமான குஸ்டாவ் க்ருண்ட்கென்ஸின் வாழ்க்கையை எண்ணும்போதெல்லாம் எனக்கு இந்தத் தடுமாற்றம் ஏற்படுகிறது.

1899-இல் பிறந்த அவருக்குப் பெரும் புகழைத் தந்தது, கெதேயின் 'ஃபாஸ்ட்' நாடகத்தில் மனிதனின் ஆத்மாவுக்கு விலை பேசும் மெஃபிஸ்டோ என்ற சாத்தானின் வேடம். 1932 டிசம்பரில் பெர்லின் அரசாங்க நாடகசாலையில் அந்த வேடத்தில் தோன்றினார். அடுத்த மாதமே ஹிட்லர் பதவிக்கு வந்தான். எத்தனையோ கலைஞர்கள் நாட்டை விட்டு ஓடினார்கள். க்ருண்ட்கென்ஸ் தங்கினார். 1934-இல், ஹிட்லரின் வலக்கரமாயிருந்த கோயரிங்கின் தயவால், அந்த நாடகசாலையின் தலைமை அவரை வந்தடைந்தது.

ஒரு காலத்தில் அவருக்கு மைத்துனராயிருந்த எழுத்தாளர் க்ளவுஸ் மான், அயல்நாட்டில் அகதியாக வாழ்ந்தபடி 1936-இல் 'மெஃபிஸ்டோ' என்ற நாவலை வெளியிட்டார். பதவிக்காகத் தன்னை விற்றுவிட்ட நடிகன் ஒருவனின் கதை அது. அந்த நடிகன் யாரென்று ஊகிப்பது யாருக்கும் கடினமாயில்லை.

ஆனால் மறுபக்கமும் உண்டு. எர்ன்ஸ்ட் புஷ் என்ற கம்யூனிஸ்ட் பாடகர் யுத்த காலத்தில் பிடிபட்டு, மரண தண்டனையை எதிர்நோக்கிச் சிறையில் கிடந்தார். க்ருண்ட்கென்ஸ் தலையிட்டார், புஷ் உயிர் பிழைத்தார். யூத மனைவியரைக் கொண்ட நடிகர்களுக்கும் அவருடைய நாடகசாலை நிழல் கொடுத்தது. யுத்தம் முடிந்து, ரஷ்யர்கள் க்ருண்ட்கென்ஸை முகாமில் அடைத்தபோது, அவருக்காகப் பரிந்து பேசியவர்களில் புஷ்ஷும் ஒருவர். ஒன்பது மாதங்களில் விடுதலை கிடைத்தது.

இப்போது என்ன தீர்ப்புச் சொல்வது?

கும்பகருணன் அண்ணனின் பிழையை முகத்துக்கு நேரே இடித்துரைத்தான். பிறகு உண்ட சோற்றுக்காக உயிரையே கொடுத்தான். விபீஷணன் சுற்றத்தையும் நாட்டையும் துறந்தான். வழிகள் வேறானாலும் இருவரும் விலை கொடுத்தார்கள். க்ருண்ட்கென்ஸோ, ஆட்சி நீடித்த வரையில் கைதட்டலை வாங்கிக்கொண்டிருந்தார்.

புஷ்ஷைக் காப்பாற்றியது புண்ணியச் செயல், அதில் சந்தேகமில்லை. ஆனால் அதைச் செய்வதற்கான செல்வாக்கு அவருக்கு எங்கிருந்து வந்தது? இத்தனை உயர்ந்த நாடகங்கள் நடக்கும் நாட்டில் கொடுமை நடக்குமா என்று உலகம் மயங்குவதற்குத் தம் கலையை இரவல் தந்ததனால்தானே வந்தது? பிழைத்தவர் நன்றி சொல்லலாம். பிழைக்காதவர்களின் சார்பில் மன்னிக்க அவருக்கும் உரிமையில்லை.

பின்னர் டுஸ்ஸல்டார்ஃபிலும் ஹாம்பர்க்கிலும் பெரிய நாடகசாலைகளை நடத்தினார் க்ருண்ட்கென்ஸ். 1960-இல் படமாகவும் வந்த 'ஃபாஸ்ட்' நாடகத்தில் மீண்டும் அதே சாத்தான் வேடம் அணிந்தார். 1963 அக்டோபரில், உலகப் பயணத்தின் நடுவே, மணிலா நகரின் ஹோட்டல் அறையொன்றில், அளவு மீறிய தூக்க மாத்திரைகளோடு அவர் வாழ்வு முடிந்தது.

அவருக்குத் தண்டனை விதிக்க நான் யார்? சின்னஞ்சிறு உத்தியோகங்களிலும் இந்தச் சோதனை நமக்கெல்லாம் வரத்தான் செய்கிறது. 'நான் இங்கே இருப்பதால் பிழைப்பவர்கள் எத்தனை பேர்?' என்று விரல்விட்டு எண்ணுகிறோம். எண்ணலாம், தவறில்லை. 'நான் இங்கே இருப்பதால் பலம் பெறுகிறவன் யார்?' என்பதையும் அதே மூச்சில் கேட்டுக்கொண்டால் போதும்.